இரண்டு சூரியனுக்கு ஒரு நாட்காட்டி: பாலித் தீவு நாட்குறிப்பு

பிப்ரவரி 7, 2025, வெள்ளி. உபுத்

நான் எழுதிக்கொண்டிருக்கும் கதையின் உலகத்துக்கு இருவெயில் என்று பெயர். அதன் வானத்தில் இரண்டு சூரியன்கள். பெரியது ஆரஞ்சு நிறம், சின்னது மங்கலான சிவப்பு. அங்குள்ளவர்கள் அக்கா, தங்கை என்று சொல்வார்கள். இது முழுக்கக் கற்பனையும் இல்லை. 2011-ல் கெப்ளர் விண்வெளித் தொலைநோக்கியின் தரவிலிருந்து கெப்ளர்-16பி என்ற கோளைக் கண்டுபிடித்தார்கள். இரண்டு விண்மீன்களையும் சேர்த்துச் சுற்றிவரும் கோள் அது. அந்த விண்மீன்கள் ஒன்றையொன்று சுமார் 41 நாளில் சுற்றிக்கொள்கின்றன. கோள் இரண்டையும் சுற்றி வர 229 நாள் ஆகிறது. சனி கிரகத்தின் அளவுள்ள கோள் என்பதால் மனிதர்கள் அங்கே குடியிருக்க வழியில்லை. கணக்கை மட்டும் எடுத்துக்கொண்டு, மண்ணும் மழையும் உள்ள உலகமாக நான் மாற்றிக்கொண்டேன்.

கோளும் நகர்ந்துகொண்டே இருக்கிறதல்லவா, அதனால் அங்கே நின்று பார்ப்பவருக்குத் தங்கை அக்காவின் முன்னால் வந்து நிற்கும் நாள் 50 நாளுக்கு ஒருமுறைதான் வரும். அதற்குச் சந்திப்பு என்று பெயர் வைத்தேன். மாதம் மாதிரி அது. ஆண்டுக்கு 229 நாள், சந்திப்புக்கு 50. நாலு சந்திப்பு போனால் மிச்சம் 29. இந்த 29 நாளை எங்கே வைப்பது?

பாலிக்கு வந்த காரணம் இந்தக் கேள்விதான். இங்கே மக்கள் இரண்டு நாட்காட்டிகளை ஒரே சமயத்தில் வாழ்கிறார்கள். ஒன்று பாவுகோன், 210 நாள் சுற்று. அதற்கும் நிலவுக்கும் சம்பந்தமில்லை, சூரியனுக்கும் சம்பந்தமில்லை. இன்னொன்று சகா, அமாவாசை பௌர்ணமி பார்த்துப் போகும் ஆண்டு. இவை போக, பள்ளிக்கூடத்துக்கும் வங்கிக்கும் ஜனவரி, பிப்ரவரி. ஒன்றோடு ஒன்று பொருந்தாத சுற்றுகளை வைத்துக்கொண்டு லட்சக்கணக்கான பேர் கல்யாணம் செய்கிறார்கள், வீடு கட்டுகிறார்கள், நடவு நடுகிறார்கள். எப்படி என்று பக்கத்தில் இருந்து பார்க்க வேண்டும்.

போகிறவர்களுக்கு ஒரு தகவல்: விமான நிலையத்தில் வாங்கும் விசாவுக்கு 5 லட்சம் ருப்பியா, சுற்றுலா வரியாக இன்னொரு 1.5 லட்சம். வரியை இணையத்திலேயே கட்டிவிடலாம். மழைக்காலம், சாயங்காலமானால் கொட்டுகிறது.

தங்கியிருப்பது உபுத்துக்குச் சற்று வெளியே ஒரு குடும்பத்தின் வீட்டு வளாகத்தில். வீட்டுக்கார அம்மாவை எல்லோரும் இபு என்கிறார்கள், நானும் அப்படியே. நாளைக்குச் சரஸ்வதி பூஜை என்று ராத்திரி வரை தென்னங்குருத்தை நறுக்கித் தட்டு பின்னிக்கொண்டிருந்தார். வந்ததும் வராததுமாக எனக்கு ஒரு உத்தரவு: "உங்க நோட்டுப் புஸ்தகத்தையும் காலையில் எடுத்து வந்து வைங்க."

பிப்ரவரி 8, சனி. உபுத்

இந்தப் பதிவை ராத்திரிதான் எழுதுகிறேன். பகலில் படிக்கவோ எழுதவோ கூடாது என்று இபு சொல்லிவிட்டார். நம் ஊர் சரஸ்வதி பூஜையில் புத்தகத்தை அடுக்கி வைத்துவிட்டு, படிக்கச் சொல்வார் யாரும் இல்லாமல் சுற்றித் திரிந்தவர்களுக்கு இந்த விதி புரியும். வித்தியாசம் என்னவென்றால், நமக்கு அது நவராத்திரியில் வருஷத்துக்கு ஒருமுறை. இங்கே 210 நாளுக்கு ஒருமுறை.

வீட்டுக் கோயிலுக்கு முன்னால் மேஜை போட்டு எல்லாவற்றையும் அடுக்கியிருந்தார்கள். பேரனின் கணக்குப் பாடநூல், ஒரு சமையல் குறிப்பு, அறை வாடகை எழுதும் நீளமான பேரேடு, மருமகளின் மடிக்கணினி, கடைசியாக என் நோட்டு. மேலே வெள்ளைத் துணி, அதற்கும் மேலே படையல். படையலில் அரிசி மாவில் செய்த சின்னப் பல்லி ஒன்று இருந்தது. வாலை லேசாக வளைத்து, கண்ணுக்குக் கறுப்பாக இரண்டு புள்ளி வைத்திருந்தார்கள். இங்கே பல்லி சரஸ்வதிக்கு உரியது. பேசும்போது சுவரில் பல்லி சத்தம் கொடுத்தால் "சரஸ்வதி" என்று சொல்லிக்கொள்கிறார்கள். பல்லி சொல்லுக்குப் பலன் பார்க்கும் ஊரிலிருந்து வந்தவர்களுக்கு இதை யாரும் விளக்க வேண்டியதில்லை.

காலையில் வெள்ளைச் சட்டையும் இடுப்பில் வேட்டி மாதிரித் துணியும் கட்டிய பிள்ளைகள் கும்பல் கும்பலாகப் பள்ளிக்கூடத்துக்குப் போனார்கள். பாடம் கிடையாது, பூஜை மட்டும்.

மதியத்துக்கு மேல் கூடத்தில் மாட்டியிருந்த காலண்டரைப் பார்த்தேன். படிப்பதில் இது சேராதாம், அனுமதி வாங்கிக்கொண்டேன். ஒவ்வொரு நாளின் கட்டத்திலும் நடுவில் பெரிய எண், அதைச் சுற்றிப் பொடி எழுத்தில் ஏழெட்டு விவரங்கள். எந்த வாரம், சகா மாதத்தில் என்ன தேதி, இஸ்லாமிய தேதி, சீனத் தேதி. ஓரத்தில் எந்த நாள் எதற்கு நல்லது, எதற்கு ஆகாது என்ற பட்டியல்: வலை பின்ன, வேலி போட, கூரை வேய. கூரை வேயக் கூடாத நாட்களில் ஒருவகைக்கு கெனி ராவணா என்று பெயர், அன்று நெருப்பின் ஆட்சி. நம் தினசரி காலண்டரில் ராகு காலமும் சூலமும் பார்த்து வளர்ந்த கண் இதில் உடனே பழகிவிடுகிறது. கிழமைகளுமே பழக்கமானவை: ரெதிதே, சோமா, அங்காரா, புதா, வ்ரஸ்பதி, சுக்ரா, சனிஸ்சாரா.

ஆனால் ஏழு நாள் வாரம் இங்கே பல வாரங்களில் ஒன்று. பாவுகோனில் ஒரு நாள் வாரம் தொடங்கிப் பத்து நாள் வாரம் வரைக்கும் பத்து வாரங்கள் ஒரே சமயத்தில் ஓடுகின்றன. எல்லாவற்றையும் யாரும் தினமும் பார்ப்பதில்லை. நடைமுறையில் மூன்று, ஐந்து, ஏழு ஆகிய மூன்றும்தான் முக்கியம். மூன்று நாள் வாரம் சந்தைக்கு. ஐந்தும் ஏழும் சேர்ந்தால் 35 நாள், அது ஒரு மாதம் மாதிரி. மூன்றையும் பெருக்கினால் 105, அதன் இரட்டிப்பு 210. ஆறு நாள் வாரமும் இருப்பதால் அந்த இரட்டிப்பு வரை போனால்தான் எல்லாம் ஒன்றுசேரும்.

ஒரு நாள் வாரத்தைப் பற்றிச் சொல்லியே ஆக வேண்டும். அதில் இருப்பது லுவாங் என்ற ஒரே நாள். அப்படியானால் எல்லா நாளும் லுவாங்தானே என்று கேட்டேன். இபுவின் மகன் சிரித்தார். ஒவ்வொரு கிழமைக்கும் ஒரு எண் உண்டு, ஐந்து நாள் வாரத்தின் ஒவ்வொரு நாளுக்கும் ஒரு எண் உண்டு. ஞாயிறு 5, திங்கள் 4, செவ்வாய் 3, புதன் 7, வியாழன் 8, வெள்ளி 6, சனி 9. இரண்டையும் கூட்டி வரும் தொகை ஒற்றையா இரட்டையா என்று பார்த்துத்தான் லுவாங் உண்டா இல்லையா என்று முடிவாகும். சில நாட்களில் அந்த வாரத்துக்கு நாளே கிடையாது! பெயரில்லாத நாள் ஒன்றைக் கற்பனை செய்யும் தைரியம் எனக்கு இருவெயிலில்கூட வரவில்லை. இவர்கள் அதைக் காலண்டரில் அச்சடித்துச் சுவரில் மாட்டியிருக்கிறார்கள்.

இன்றோடு பாவுகோன் முடிகிறது. வாதுகுனுங் என்ற முப்பதாவது வாரத்தின் சனிக்கிழமை, 210-வது நாள்.

பிப்ரவரி 9, ஞாயிறு. தம்பாக்சிரிங்

முதல் நாள். விடிவதற்கு முன்பே கிளம்பி தீர்த்த எம்புல் ஊற்றுக் கோயிலுக்குப் போனோம். சரஸ்வதிக்கு மறுநாள் கடலிலோ ஊற்றிலோ முழுகுவது வழக்கம், பான்யு பினாரு என்கிறார்கள். நேற்று வாங்கிய அறிவு உடம்பில் இறங்க இன்றைக்குத் தண்ணீர். வரிசையாக நீர்த்தாரைகள் விழும் குளத்தில் இடுப்பளவு தண்ணீரில் ஜனம் நிற்கிறது. ஒவ்வொரு தாரைக்கும் கைகூப்பி, தலையைக் கொடுத்து, அடுத்ததற்கு நகர வேண்டும். இரண்டு தாரைகளை எல்லோரும் தாண்டிப் போனார்கள். அவை இறந்தவர்களுக்கான சடங்குக்கு உரியவை. எனக்கு முன்னால் நின்ற சிறுவன் அதில் கை நீட்டப்போக, அவன் பாட்டி தோளைப் பிடித்து அடுத்ததற்குத் திருப்பிவிட்டார். தண்ணீர் நல்ல குளிர்ச்சி. வீட்டுக்கு வந்ததும் மஞ்சள் சோறும், இலைச்சாறு சேர்த்த கசப்பும் புளிப்புமான லோலோ என்ற பானமும் கொடுத்தார்கள்.

இன்று பாவுகோனின் ஒன்றாம் தேதி. சிந்தா என்ற முதல் வாரத்தின் ஞாயிறு. யாரும் யாருக்கும் புத்தாண்டு வாழ்த்துச் சொல்லவில்லை. இது எத்தனையாவது பாவுகோன் என்று இபுவிடம் கேட்டேன். "எண்ணுவது கிடையாது," என்றார். முடிந்த சுற்றுக்கு எண் இல்லை, தொடங்கிய சுற்றுக்கும் எண் இல்லை. 210 நாள் ஆனதும் மறுபடி முதலிலிருந்து.

கொஞ்ச நேரம் இதையே யோசித்துக்கொண்டிருந்தேன். நம்மிடமும் பிரபவ முதல் அட்சய வரை 60 வருஷச் சுற்று ஒன்று எண் இல்லாமல்தான் ஓடுகிறது. இப்போது குரோதி. இதற்கு முந்தைய குரோதி எது என்று தெரிய வேண்டுமானால் கூடவே இன்னொரு கணக்கு வேண்டும். பாலியில் அந்த வேலையைச் சகா செய்கிறது. சகாவுக்கு எண் உண்டு, இப்போது 1946. இந்திய அரசின் தேசிய நாட்காட்டியிலும் இதே 1946தான்.

எண்ணாத சுற்றில்தான் பிறந்தநாள் வருகிறது. ஒதோனான் என்பார்கள், 210 நாளுக்கு ஒருமுறை. குழந்தை பிறந்து 105-வது நாளில் முதல்முறையாகப் பாதத்தை மண்ணில் ஊன்றவிடும் சடங்கு, அதுவரை தூக்கியே வைத்திருக்க வேண்டும். 210-வது நாளில் முதல் ஒதோனான். இபுவின் ஒதோனான் வெள்ளிக்கிழமையில் வருமாம். இங்கிலீஷ் பிறந்த தேதியைக் கேட்டபோது அடையாள அட்டையை எடுத்துப் பார்த்துச் சொன்னார். "இது ஆபீசுக்கு," என்று திருப்பி உள்ளே வைத்துவிட்டார்.

இருவெயிலில் பிறந்தநாளை ஆண்டுக் கணக்கில் எழுதி வைத்திருந்தேன். அதைச் சந்திப்புக் கணக்குக்கு மாற்றுகிறேன். ஒரு ஆளுக்கு அறுபது வயது என்று சொல்வதைவிட, எந்தச் சந்திப்பின் எத்தனையாவது நாளில் பிறந்தவர் என்று சொல்வதில் அவரைப் பற்றி அதிகம் தெரிகிறது.

பிப்ரவரி 10, திங்கள். கிளுங்குங்

இன்று சோமா ரிபெக். அரிசிக்கு உரிய நாள். குதிருக்கும் அரிசிப் பானைக்கும் படையல் வைத்து தேவி ஸ்ரீயை வணங்குகிறார்கள். நெல் குத்தக் கூடாது, அரிசி விற்கக் கூடாது. இபு நேற்றே அரிசி வாங்கி வைத்துவிட்டார்.

கிளுங்குங்கில் கெர்த்தா கோசா என்ற பழைய நீதி மண்டபம் இருக்கிறது. நாலு பக்கமும் திறந்த மண்டபம், கூரையின் உட்புறம் முழுக்க ஓவியம். நரகத்தில் என்னென்ன தண்டனை என்று காட்டும் படங்களைத்தான் எல்லோரும் அண்ணாந்து பார்க்கிறார்கள். எனக்கு வேண்டியது வேறு ஒரு வரிசை: எந்தச் சகா மாதத்தில் நிலநடுக்கம் வந்தால் என்ன நடக்கும் என்று சொல்லும் படங்கள். எரிமலைத் தீவில் இருப்பவர்கள் நிலநடுக்கத்தையும் காலண்டருக்குள் கொண்டுவந்திருக்கிறார்கள்.

அங்கிருந்து காமாசான் கிராமம் பக்கம்தான். இந்த ஓவியப் பாணியே அந்த ஊர்ப் பெயரில்தான் வழங்குகிறது. ஒரு ஓவியரின் வீட்டில் துணியில் வரைந்த பலெலிந்தாங்கான் பார்த்தேன். ஐந்துக்கு ஏழு, 35 கட்டம். ஒவ்வொரு கட்டத்திலும் அந்த நாளில் பிறந்தவருக்கு உரிய உருவம்.

ஆனால் என்னை உட்காரவைத்தது அவர் உள்ளேயிருந்து எடுத்து வந்த மரப்பலகை. திகா என்று பெயர். ஏழு வரிசை, முப்பது பத்தி, மொத்தம் 210 கட்டம். அதில் ஒரு எழுத்துகூட இல்லை. புள்ளி, கோடு, சிலுவை மாதிரிக் குறி, இவ்வளவுதான். ஒரு குறி மூன்று நாள் வாரத்தில் ஒரு நாளைச் சொல்லும், இன்னொன்று ஐந்து நாள் வாரத்தில் ஒன்றை. ஒரே கட்டத்தில் இரண்டு குறி சேர்ந்தால் அது விசேஷ நாள். ஓரங்களில் கை பட்டுப் பட்டு மரம் வழவழப்பாகிவிட்டது. அவர் விரல் நுனியை முதல் பத்தியில் வைத்துக் கீழே இழுத்துக்கொண்டே வந்தார். படிக்கிற மாதிரி இல்லை, தடவிப் பார்க்கிற மாதிரி இருந்தது.

நான் மிச்சத்தைப் பற்றிக் கேட்டேன். 210-ஐ ஒன்பதால் வகுத்தால் மூன்று மிஞ்சும். நாலாலும் எட்டாலும் வகுத்தால் இரண்டு மிஞ்சும். பிறகு எப்படி ஒவ்வொரு சுற்றும் ஒரே மாதிரி தொடங்குகிறது?

அவர் விரலை முதல் கட்டத்தில் வைத்தார். "டங்கு," என்றார். அடுத்த கட்டம். "டங்கு." அதற்கடுத்தது. "டங்கு." நாலாவது. "டங்கு." ஒன்பது நாள் வாரத்தின் முதல் நாளுக்கு டங்கு என்று பெயர். சுற்றின் ஆரம்பத்தில் நாலு நாளும் டங்குதான். மிஞ்சும் மூன்று நாளை அங்கே போட்டுவிட்டார்கள். ஞாயிறு, திங்கள், செவ்வாய், புதன். அதாவது நேற்று, இன்று, நாளை, நாளை மறுநாள். ஒன்பது நாள் வாரம் கிளம்பாமல் முதல் படியிலேயே நின்றுகொண்டிருக்கும் நாட்களில் நான் வந்து சேர்ந்திருக்கிறேன்.

பிறகு விரல் பதினொன்றாவது பத்திக்குப் போனது. நாலு நாள் வாரத்தின் மிச்சமும் எட்டு நாள் வாரத்தின் மிச்சமும் அங்கே இருக்கின்றன. நாலு நாள் வாரத்தில் ஜயா என்ற நாள் மூன்றுமுறை வரும். எட்டு நாள் வாரத்தில் காலா என்ற நாள் மூன்றுமுறை வரும். சுற்றின் 71, 72, 73-வது நாட்கள். 74-வது நாள் கலுங்கான், பாலியின் மிகப் பெரிய பண்டிகை, தர்மம் வென்ற நாள். வீட்டுக்கு வீடு வளைந்த மூங்கிலில் தோரணம் கட்டித் தெருவே குனிந்து நிற்கும். அதற்கு முந்தைய மூன்று நாளில் மூன்று பூதங்கள் இறங்கி வரும், மனதை அடக்கி இருக்க வேண்டும் என்பது நம்பிக்கை. இந்தச் சுற்றில் அந்த நாட்கள் ஏப்ரல் 20, 21, 22. கலுங்கான் 23.

கணக்கில் மிஞ்சியதை இவர்கள் மறைக்கவில்லை. மிஞ்சிய நாட்களில் பூதங்களைக் குடியேற்றி, அதற்கு அடுத்த நாளில் திருவிழாவை வைத்திருக்கிறார்கள். கதை முதலில் வந்ததா, கணக்கு முதலில் வந்ததா என்று அவரிடம் கேட்கத் தோன்றவில்லை. எனக்கு இரண்டும் ஒரே சமயத்தில் பிறந்ததாகவே படுகிறது.

முப்பது வாரங்களின் பெயர்களுக்கும் கதை உண்டு. சிந்தா, லண்டெப் என்று இரண்டு ராணிகள். சிந்தாவின் மகன் வாதுகுனுங். சின்ன வயதில் அம்மா அகப்பையால் தலையில் அடிக்க, ஓடிப்போனவன் வேறு தேசத்தில் ராஜாவாகி, தெரியாமல் தன் தாயையே மணக்கிறான். தலையில் இருந்த தழும்பை ஒருநாள் அவள் பார்த்துவிடுகிறாள். முடிவில் விஷ்ணுவோடு போரிட்டு வீழ்கிறான். இரண்டு ராணிகள், அவன், 27 பிள்ளைகள், மொத்தம் முப்பது. சுற்று தாயின் பெயரில் தொடங்கி மகனின் வீழ்ச்சியில் முடிகிறது. பிறகு மறுபடி தாய்.

பிப்ரவரி 11, செவ்வாய். சிங்கராஜா

ஊரில் தைப்பூசம். போனில் பழனிப் படங்கள் வந்துகொண்டே இருக்கின்றன. இங்கே சாபு மாஸ், பொன்னுக்கும் நகைக்கும் உரிய நாள். காரோட்டும் ப்ளி தன் மனைவியின் சங்கிலியைக்கூடப் படையலில் வைத்துவிட்டுத்தான் கிளம்பினாராம். ப்ளி என்றால் அண்ணன். தைப்பூசத்தைப் பற்றி அவரிடம் சொன்னேன். மாதம் சூரியனை வைத்து, பூச நட்சத்திரம் நிலவை வைத்து, இரண்டும் கூடினால் முருகனுக்குத் திருவிழா என்றதும் அவருக்கு அது கொஞ்சமும் புதிதாகப் படவில்லை. "அப்போ உங்களுக்கும் ரெண்டு இருக்கு," என்றார்.

வழியில் கிந்தாமணியில் நின்றோம். மேகம் விலகியபோது பாத்தூர் எரிமலையும் ஏரியும் தெரிந்தன. மலை விளிம்பில் உலுன் டானு பாத்தூர் கோயில். முதலில் கீழே இருந்தது, 1926 எரிமலை வெடிப்பில் அழிந்த பிறகு மேலே கட்டினார்கள். ஏரியின் தெய்வத்துக்கான கோயில். தண்ணீர் பங்கிடுவதில் இதன் சொல்லுக்கு மதிப்பு அதிகம்.

சுபாக் என்பது ஒரே வாய்க்காலில் நீர் எடுக்கும் உழவர்களின் கூட்டு. எந்தச் சுபாக் எப்போது வயலில் நீர் கட்டும், எப்போது தரிசாகப் போடும் என்பதை நீர்க்கோயில்களின் பூஜைக் கிரமத்தோடு சேர்த்தே தீர்மானித்தார்கள். பழைய பாலி நெல் முதிர ஏறக்குறைய ஆறு மாதம் ஆகும், 210 நாளுக்கு நெருக்கமான கணக்கு. 1970-களில் பசுமைப் புரட்சி வந்தது. குறுகிய கால ரகம், முடிந்தபோதெல்லாம் நடவு என்று அரசு ஊக்கப்படுத்தியது. கிரமம் குலைந்தது. பக்கத்துப் பக்கத்து வயல்கள் வேறு வேறு பருவத்தில் இருந்ததால் பூச்சிக்கு எப்போதும் தீனி கிடைத்தது, புகையான் பெருகியது, தண்ணீருக்கும் தகராறு. அமெரிக்க மானுடவியலாளர் ஸ்டீபன் லான்சிங் இதை விரிவாக ஆராய்ந்தார். ஒரே சமயத்தில் நட்டு ஒரே சமயத்தில் அறுத்தால் பூச்சி பட்டினி கிடந்து சாகும், ஆனால் எல்லோரும் ஒரே நாளில் நட்டால் தண்ணீர் போதாது. இந்த இரண்டுக்கும் நடுவில் எத்தனை வயல் சேர்ந்து போகலாம் என்ற சமநிலையைத்தான் கோயில்களின் முறை பிடித்து வைத்திருந்தது. 2012-ல் யுனெஸ்கோ சுபாக் நிலப்பரப்பை உலகப் பாரம்பரியமாக அறிவித்தது.

இதைப் படித்துவிட்டுத்தான் வந்தேன் என்றாலும், ஏரிக்கரையில் நின்று பார்க்கும்போது கோபம் வந்தது. பழைய நாட்காட்டியைத் தூக்கி ஓரமாக வைத்தவர்களுக்கு அது ஒரு நீர்ப்பாசன அட்டவணை என்று தோன்றவே இல்லை. பூ வைத்துக் கும்பிடும் சமாசாரம் என்று மட்டும் பார்த்திருக்கிறார்கள். கற்பனை உலகம் எழுதுகிறவர்களும் இதைத்தான் செய்கிறோம். நாட்காட்டிக்கு அழகான மாதப் பெயர் வைப்போம், அந்த மாதத்தில் யார் மடையைத் திறக்கிறார்கள் என்று எழுத மாட்டோம்.

மதியம் சிங்கராஜாவில் கெடோங் கிர்த்யா. 1928-ல் தொடங்கிய ஓலைச்சுவடி நூலகம். பாலிச் சுவடியும் நம் பனை இனத்தின் ஓலைதான். கீறிய எழுத்தின் மேல் சுட்ட கெமிரிக் கொட்டையின் கரியைத் தேய்த்தால் எழுத்து கறுப்பாக மேலே வரும். நாள் கணிக்கும் நூல்களுக்கு வாரிகா என்று பெயர். ஒரு சுவடிக்கட்டை நீளவாக்கில் பிரித்துக் காட்டினார்கள். என்னால் படிக்க முடியாது. இடையிடையே புள்ளியும் சிலுவையும் வந்தபோது மட்டும் காமாசான் பலகை ஞாபகத்துக்கு வந்து, அட, இது தெரியுமே என்று இருந்தது.

பிப்ரவரி 12, புதன். சிங்கராஜா

இன்று பாகெர்வெசி. குருவை வணங்கும் நாள். தெற்கே இதை அமைதியாகக் கொண்டாடுவார்கள், வடக்கே புலெலெங் பகுதியில் கலுங்கானுக்குச் சமமாகக் கொண்டாடுகிறார்கள். அதனால்தான் இங்கே வந்தேன். தெருவில் மூங்கில் தோரணங்கள், தலையில் படையல் கூடையோடு பெண்கள், சமையல் வாசனை. சில குடும்பங்கள் மயானத்துக்கும் படையல் எடுத்துப் போனார்கள். இன்னும் எரியூட்டும் சடங்கு நடக்காமல் புதைத்து வைத்திருக்கும் தம் மனிதர்களுக்கு.

கூடவே இன்று பௌர்ணமி. பாகெர்வெசி பாவுகோன்படி, பூர்ணமா சகாப்படி. சம்பந்தமில்லாத இரண்டு சக்கரங்கள் ஒரே நாளில் வந்து நிற்கின்றன. தங்கியிருந்த வீட்டுப் பெரியவர் இரண்டு படையலையும் தனித்தனியாகவே வைத்தார். ஒரே நாள் என்பதற்காக ஒன்றாகக் கலக்கவில்லை.

சகாக் கணக்கைப் பற்றி அவரிடமிருந்து தெரிந்துகொண்டது இந்தப் பயணத்திலேயே எனக்குப் பெரிய விஷயம். நிலவின் மாதம் 30 திதி, ஆனால் அதற்கு 30 நாள் ஆவதில்லை. நம் பஞ்சாங்கம் திதி எப்போது தொடங்கி எப்போது முடிகிறது என்று நாழிகை வரை கணிக்கும். இவர்கள் 63 நாளுக்கு ஒருமுறை ஒரே நாளில் இரண்டு திதியைப் போட்டுவிடுகிறார்கள். 63 என்பது ஒன்பது வாரம். ஆகவே அந்த இரட்டைத் திதி நாள் எப்போதும் பாவுகோனின் குறிப்பிட்ட கட்டங்களில்தான் விழும், திகாப் பலகையில் விரல் வைத்துக் காட்டிவிடலாம். நிலவின் கணக்கை நிலவே தெரியாத சுற்றில் கட்டிப் போட்டிருக்கிறார்கள்!

இது எவ்வளவு சரி என்று அறைக்கு வந்து போட்டுப் பார்த்தேன். 63 நாளில் 64 திதி என்றால் மாதம் 29.53125 நாள். நிலவின் உண்மையான சராசரி 29.53059. ஒரு நாள் தவறிப் போக 120 வருஷத்துக்கு மேல் ஆகும். சூரியனோடு ஒட்ட வைக்க 19 வருஷத்தில் ஏழு மாதம் கூடுதலாகச் சேர்க்கிறார்கள். இதே 19 வருஷக் கணக்கு பாபிலோனிலும் கிரேக்கத்திலும் சீனாவிலும் இருந்தது.

பிறகு இருவெயிலுக்கும் அதே மாதிரி தேடினேன். ஏழு ஆண்டு என்பது 1601 நாளும் கொஞ்சமும். 32 சந்திப்பு என்பது 1602 நாளும் துளியும். வித்தியாசம் முக்கால் நாளுக்குச் சற்று மேல்தான்! ஏழு ஆண்டுக்கு ஒருமுறை ஆண்டின் முதல் நாளும் சந்திப்பும் மறுபடி ஒன்றுசேரும். இது நான் கட்டியது இல்லை, கெப்ளர்-16பி-யின் எண்களிலேயே இருக்கிறது. ராத்திரி சாப்பாட்டுக்குக் கூப்பிட்டபோது எழுந்து போக மனசில்லை.

பிப்ரவரி 13, வியாழன். டென்பசார் போகும் வழியில்

பெடுகுல் மலைப்பாதையில் நல்ல மழை. ஊர்தோறும் பொது மண்டபங்களில் இளைஞர்கள் மூங்கில் கட்டி ஒகோ-ஒகோ உருவங்களுக்குச் சட்டம் போட்டுக்கொண்டிருந்தார்கள். மார்ச் 28 சாயங்காலம் அந்தப் பூத உருவங்கள் ஊர்வலம் போகும். மறுநாள் ஞெபி, சகா 1947-ன் முதல் நாள். விளக்கு, சமையல், பயணம் எதுவும் கிடையாது, விமான நிலையமும் மூடிவிடும். வழியில் பார்த்த உருவம் ஒன்றில் கை, இன்னொன்றில் கால் மட்டும் முடிந்திருந்தது, தலை எல்லாவற்றிலும் கடைசியில்தான்.

இருவெயிலின் ஆண்டில் மிஞ்சிய அந்த 29 நாள் விஷயத்துக்கு வருகிறேன். பாலியில் பாவுகோனை யாரும் சகாவுக்குள் அடைக்கவில்லை. இரண்டும் தன் போக்கில் போகின்றன. அதனால் இருவெயிலிலும் சந்திப்பு இனி ஆண்டுக்குள் அடங்காது. ஆண்டு முடிந்தாலும் அது நிற்காமல் ஓடும், எண்ணும் கிடையாது. ஆண்டுக்கு மட்டும் எண். 29 நாள் என்ற மிச்சமே அப்போது வராது. ஆண்டு ஆற்றங்கரை உழவர்களுடையது, மழையை வைத்துத்தான் அவர்களுக்கு எல்லாம். சந்திப்பு சந்தைக்காரர்களுடையது, பிறந்தநாளும் கடன் தவணையும் அதில்.

சந்தை வாரம் ஆறு நாள் என்று வைத்திருக்கிறேன். ஐம்பதில் எட்டு வாரம் போக இரண்டு நாள் மிஞ்சும். அந்த இரண்டு நாளும் தங்கை அக்காவின் முகத்தை மறைத்து வெயில் குறையும் நேரத்தில் விழும்படி அமைத்துவிட்டேன். வாரத்தின் கடைசி நாள் மூன்றுமுறை வரும். அப்போது சந்தை கூடாது, கடன் கேட்கக் கூடாது, பிறக்கும் குழந்தைக்கு மூன்று நாளில் எது பிறந்தநாள் என்று தாய்தான் சொல்ல வேண்டும்.

ஏழு ஆண்டுக்கு ஒருமுறை பெருந்திருவிழா. ஆனால் ஒவ்வொரு முறையும் முக்கால் நாள் அளவு தள்ளிப் போகிறதே, அதை யார் எப்போது சரிசெய்வது? மேட்டு நிலத்துக்காரர்கள் வானத்தைப் பார்த்துச் சந்திப்பு நாளன்று கொண்டாடுகிறார்கள். ஆற்றங்கரைக்காரர்கள் ஆண்டின் முதல் நாளில் கொண்டாடுகிறார்கள். பல தலைமுறையாகத் திருத்தித் திருத்தி ஒரே நாளாக வைத்திருந்தது இந்தமுறை இரண்டு நாளாகிவிட்டது, தேருக்கு மரம் கொடுக்க வேண்டியவர்கள் மேட்டில் இருக்கிறார்கள், இழுக்க வேண்டியவர்கள் கீழே இருக்கிறார்கள். முதல் அத்தியாயத்தை அங்கேதான் தொடங்குகிறேன்.